கமாலாத்தின் இடது கன்னம்

கமாலாத் எங்கே போனாலும் உட்காருவதற்கு முன் வெளிச்சத்தைத் தேடுவாள். மீன் வாங்க வந்தாலும் சரி, துக்கம் விசாரிக்க வந்தாலும் சரி, வாசலில் நின்று ஒரு கண்ணைச் சுருக்கி அறையை ஒரு சுற்றுப் பார்ப்பாள். ஜன்னல் எங்கே, வெயில் எந்தப் பக்கம் விழுகிறது என்று பிடிபட்டதும் முக்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, இடது கன்னத்தில் வெளிச்சம் படும்படி உட்காருவாள். அந்த இடத்தில் வேறு யாராவது இருந்தால், "செத்த தள்ளி உக்காரு கண்ணு, எனக்கு முதுகுல காத்து அடிக்குது" என்பாள். காற்றே இல்லாத அறையிலும் இதைத்தான் சொல்வாள்.

எதிர்க்கரை ஷவ்கியாவுக்கு இதைக் கண்டாலே பற்றிக்கொண்டு வரும். "கருவாடு காயப்போடுற மாதிரி கன்னத்தக் காயப்போடுறா பாரு" என்று பக்கத்தில் இருப்பவளின் விலாவில் இடிப்பாள். ஷவ்கியா எதையும் எளிதில் நம்புகிறவள் இல்லை. தராசை நம்பமாட்டாள், வானிலைச் செய்தியை நம்பமாட்டாள். குவைத்தில் வேலை பார்க்கும் மகன் ஃபத்ஹீ தொலைபேசியில் "நல்லா இருக்கேம்மா" என்றால், "என்னடா ஆச்சு?" என்று பதறுவாள். அப்படிப்பட்டவளுக்குக் கால்வாயின் அந்தக் கரையில், நேர் எதிர் வாசலில், ஒரு நடிகையைக் குடிவைத்துவிட்டான் ஆண்டவன்.

நடிகை என்றால் சினிமா நடிகை இல்லை. ஆவணப்பட நடிகை. அலெக்சாந்திரியாவுக்கு மேற்கே எங்கள் கால்வாய்க்கரைக்கு வந்து பார்த்தால்தான் அப்படி ஒரு தொழில் உண்டு என்றே தெரியும். ஆவணப்படம் என்றால் உள்ளதை உள்ளபடி எடுப்பது என்று படித்தவர்கள் சொல்கிறார்கள். ஆனால் உள்ளதை உள்ளபடி சொல்லச் சொன்னால் எங்களில் பாதிப் பேருக்குப் பேச்சு வராது. கேமராவைக் கண்டதும் மீன்பிடிக்கிறவன் நாக்கு அண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும், அவன் மனைவி முக்காட்டை வாயில் கடித்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்துவிடுவாள். படம் எடுக்க வந்தவர்கள் தலையில் கைவைத்து உட்கார்ந்திருக்கும்போது யாராவது, "கமாலாத்தக் கூப்பிடுங்க" என்பார்கள். அவள் வருவாள். என்ன சொல்ல வேண்டும் என்று ஒருமுறை கேட்டுக்கொள்வாள். பிறகு அவள் வாயைத் திறந்தால், சொன்னது இன்னொருத்தி கதை என்று சத்தியம் செய்தாலும் யாரும் நம்பமாட்டார்கள்.

இது தொடங்கியது மத்தி மீன் சுத்தம் செய்யும் கொட்டகையில். கல்லூரியில் படிக்கும் பெண் ஒருத்தி கேமராவோடு வந்து, பெண்களின் கஷ்டத்தைச் சொல்லச் சொன்னாள். எல்லாரும் கமாலாத்தைத் தள்ளிவிட்டார்கள். அவள் குளிரில் விரல் மரத்துப்போவதைப் பற்றிச் சொல்லிக்கொண்டே வந்து, "விரல்" என்ற இடத்தில் ஒரு துளி கண்ணீர் விட்டாள். அந்த நேரம் பார்த்து ரோட்டில் ஒரு லாரிக்காரன் ஹாரன் அடித்துத் தொலைத்தான். "அய்யோ, சத்தம் கெட்டுப்போச்சு. இன்னொரு தடவை சொல்ல முடியுமா, அத்தை?" என்று அந்தப் பெண் பயந்து பயந்து கேட்டாள். கமாலாத் சொன்னாள். அதே வார்த்தை, அதே "விரல்", அதே இடது கன்னம், அதே துளி. முதல் தடவையைவிட இன்னும் நன்றாக இருந்தது. பக்கத்தில் குடல் எடுத்துக்கொண்டிருந்த ஷவ்கியா கத்தியோடு அப்படியே நின்றுவிட்டாள். கண்ணீரைக்கூடத் திரும்பக் கேட்டால் திரும்பத் தர ஒருத்தியால் முடியும் என்பதை அன்றைக்குத்தான் கண்ணால் கண்டாள். அன்றிலிருந்து கமாலாத் சொல்லும் எதையும் அவள் நம்பியதில்லை. "இந்தப் பக்கம் உங்க முகம் ரொம்ப நல்லா இருக்கு" என்று அந்தப் பெண் இடது கன்னத்தைக் காட்டிச் சொல்லிவிட்டுப் போனது தனிக்கதை.

அதற்குப் பிறகு சங்கத்துக்காரர்கள், மருத்துவக் குழுக்காரர்கள், வெளியூர்க்காரர்கள் என்று வரிசையாக வந்தார்கள். அழுக்குத் தண்ணீரில் இறங்கி நோய் பிடித்த பெண்ணாக கமாலாத் வயிற்றைப் பிடித்துக்கொண்டாள். பிள்ளைக்குத் தடுப்பூசி போட மறந்த தாயாகத் தலையில் அடித்துக்கொண்டாள். சின்ன வயதில் கட்டிக்கொடுத்த மகளைப் பிரசவத்தில் பறிகொடுத்தவளாகத் தொட்டில் துணியைத் தடவினாள். முதியோர் கல்விப் படத்தில் ஐம்பது வயதில் தன் பெயரை எழுதப் பழகும் பெண்ணாக வந்தாள். உண்மையில் ஆறாவது வரை படித்தவள் அவள். தன் பெயரைத் தப்பாக எழுதப் பழகுவதற்குள் அவளுக்கு உயிர் போய் உயிர் வந்தது. கறுப்பு அங்கி விதவைக்கு, ஒட்டுப்போட்ட அங்கி ஏழைத் தாய்க்கு, பூப்போட்டது எல்லாம் நல்லபடியாக முடிந்தவளுக்கு என்று மூன்று உடைகளை ஒரு பிளாஸ்டிக் பையில் மடித்துக் கதவுக்குப் பின்னால் மாட்டிவைத்திருக்கிறாள்.

படங்களை எல்லாம் சேர்த்துப் பார்த்தால் அவளுக்கு ஏழெட்டுப் பிள்ளைகள் தேறும். வீட்டில் ஒன்றும் இல்லை. எங்கள் பெண்களை எல்லாம் மூத்த பிள்ளையின் பெயரைச் சொல்லி உம்மு ஃபத்ஹீ, அதாவது ஃபத்ஹீயின் அம்மா, உம்மு ரகப் என்று கூப்பிடுவோம். கமாலாத் வெறும் கமாலாத்தான். படத்தின் கடைசியில் ஓடும் பெயர்களில் வண்டி ஓட்டியவன் பெயர்கூட வரும், அவள் பெயர் வராது. பெயர் போட்டுவிட்டால் அவள் 'ஊர்ப் பெண்' என்பது போய் நடிகை ஆகிவிடுவாளே, பார்க்கிறவர்கள் நம்பமாட்டார்களே என்று ஒருவர் அவளுக்கு விளக்கினாராம். அவளும் சரி என்றுவிட்டாள். மருத்துவமனைச் சுவரில் அவள் முகம் போட்ட சுவரொட்டி ஒன்று ஒட்டியிருக்கிறது. பொடியன்கள் அதற்கு மீசை வரைந்துவிட்டார்கள். அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் எச்சில் தொட்டு மீசையை அழிக்கப் பார்ப்பாள். அழியாது.

வெளிச்சத்தைவிட மோசமான பழக்கம் ஒன்று உண்டு. படம் எடுக்கிறவர்கள் தங்கள் கேள்வியை வெட்டி எறிந்துவிட்டுப் பதிலை மட்டும் வைத்துக்கொள்வார்களாம். அதனால் கேள்வியையும் பதிலுக்குள் சேர்த்தே சொல்ல வேண்டும் என்று அவளுக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். அது நாக்கில் அப்படியே தங்கிவிட்டது.

"கமாலாத், ரெண்டு வெங்காயம் இருக்குமா?"

"என் வீட்ல வெங்காயம் இருக்கான்னு கேட்டா, இருக்கு. எங்க வீட்ல வெங்காயம் இல்லாம இருந்ததே இல்ல."

காப்பிக்கடை ஸக்லூல் இதைப் பிடித்துக்கொண்டு தினமும் கூத்தடிப்பான். டீயைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, "சர்க்கரை போட்டியா ஸக்லூல்னு கேட்டா, போட்டேன் பெரியப்பா, நாலு கரண்டி போட்டேன்" என்று கன்னத்தை வெயிலுக்குத் திருப்பிக் காட்டுவான். கடையே சிரிக்கும். கமாலாத் அந்த வழியே போனால் அவளும் சிரித்துவிட்டுப் போவாள். அந்தச் சிரிப்பும் நடிப்புதான் என்பது ஷவ்கியாவின் கட்சி.

அவள் புருஷன் பயூமி கலகலப்பான மனுஷன். படப்பிடிப்புக்குக் கூடவே போய், கேமராவுக்குப் பின்னால் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருப்பான். முன்னால் கமாலாத் கறுப்பு அங்கி போட்டுக்கொண்டு, கடல் தன் புருஷனை விழுங்கிவிட்டதாகக் கதறுவாள். "நான் ஏற்கெனவே ரெண்டு தடவ செத்தவன்டா, என்னைய என்ன பண்ணுவே?" என்று காப்பிக்கடையில் பெருமை அடிப்பான். ஒருநாள் அதே காப்பிக்கடையில், டாமினோக் கட்டை கையில் இருக்கும்போதே, மூன்றாவது தடவையும் செத்துப்போனான். துக்கவீட்டில் பெண்களுக்குச் சர்க்கரை இல்லாத காப்பி கொடுத்துக்கொண்டிருந்தார்கள். கமாலாத் சுவரில் சாய்ந்து அழுதாள். சுற்றி உட்கார்ந்திருந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். எல்லார் மனதிலும் ஓடியதை ஷவ்கியாதான் வாய்விட்டுச் சொன்னாள்.

"படத்துல இதவிட நல்லா அழுதா."

மெதுவாகத்தான் சொன்னாள். ஆனால் கமாலாத்தின் அழுகை விளக்கை அணைத்ததுபோல நின்றுவிட்டது. முகத்தைத் துடைத்துக்கொண்டு, "யாருக்குக் காப்பி வரல?" என்று கேட்டு எழுந்துபோனாள். அதன்பிறகு துக்கம் நடந்த மூன்று நாளும் அவள் அழவில்லை. 'பாத்தியா, நிறுத்துன்னா நிறுத்திடுறா' என்று ஷவ்கியா அதையும் சாட்சியாக எடுத்துக்கொண்டாள். பாவம் என்று ஒருத்திக்கும் தோன்றவில்லை. இதை எழுதும்போது எனக்கு ஆத்திரமாகத்தான் வருகிறது. ஆனால் ஷவ்கியாவைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் கரையில் சந்தேகப்படாமல் பிழைக்க முடியாது.

இங்கே நல்லதை யாரும் நல்லது என்று சொல்வதில்லை. கண் பட்டுவிடும். வலை கிழிய மீன் ஏறியிருந்தாலும், எப்படி என்று கேட்டால், "என்னத்த, ரெண்டு முள்ளு" என்பான். பையன் பரீட்சையில் தேறிவிட்டால், "மூஞ்சியப் பாரு, இவனெல்லாம்" என்பாள் தாய். "அந்தப் பக்கம் போகாத, ஒரு மண்ணும் இல்ல" என்று ஒரு படகுக்காரன் சொன்னால், மறுநாள் விடியுமுன் மற்ற படகுகள் எல்லாம் அந்தப் பக்கம்தான் நிற்கும். யாராவது ஒன்றை மட்டமாகச் சொன்னால், அது உயர்ந்த சரக்கு, அவனே அதை வைத்துக்கொள்ளப் பார்க்கிறான் என்று பொருள். புகழ்ந்தால், ஏமாற்றப் பார்க்கிறான் என்று பொருள். பிறந்த குழந்தைக்கும் இந்தக் கணக்கு தெரியும்.

இப்படிப்பட்ட ஊரில்தான் கமாலாத் அந்தக் குடியிருப்புப் படத்தில் நடித்தாள். கால்வாய்க்கரை வீடுகளை இடித்துவிட்டு, உப்பளத்துக்கு அப்பால் கட்டியிருக்கும் கட்டடங்களுக்கு எங்களை மாற்றப்போவதாக அதிகாரிகள் முடிவுசெய்திருந்தார்கள். மக்களுக்கு அந்த வீடுகள் பிடிக்க வேண்டும் என்பதற்காக ரம்ஸி என்ற இளைஞனைப் படம் எடுக்க அனுப்பினார்கள். தோள்வரை முடி, பேச்சுக்குப் பேச்சு "அம்மா" என்பான். வலை பின்னும் முற்றத்தில் வெள்ளைத் துணி கட்டிப் படத்தைக் காட்டினார்கள். நாலாவது கட்டடத்தின் தரைத்தள வீடு. பூப்போட்ட அங்கியில் கமாலாத் சிவப்புக் கம்பளத்தின்மேல் நடந்துவந்து குழாயைத் திறக்கிறாள். தண்ணீர் கொட்டுகிறது. "இங்க தண்ணி வருதான்னு கேட்டா, வருது. ராவும் பகலும் வருது, மாஷா அல்லாஹ்!"

முற்றம் முழுக்க முணுமுணுப்பு. இவ்வளவு வெளிப்படையாகப் புகழ்கிறாள் என்றால் எவ்வளவு மோசமாக இருக்கும் என்று ஆண்கள் தலையை ஆட்டிக்கொண்டார்கள். ஷவ்கியாவும் அப்படித்தான் நினைத்திருப்பாள். ஆனால் அவள் கமாலாத்தைப் பார்க்கவில்லை. அந்த வீட்டின் வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வாசலில் படி இல்லை.

அவள் புருஷன் மித்வல்லி படகை இழுக்கும்போது விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டவன். அதிலிருந்து தரையில் உட்கார்ந்தபடி, உள்ளங்கையை ஊன்றி ஊன்றித்தான் நகர்கிறான். அடியில் டயர் ரப்பர் கட்டியிருக்கிறது. இப்போதைய வீட்டு வாசலில் கால்வாய்க்கு இறங்கும் கல்படி. இரண்டு பேர் தூக்கினால்தான் வெளியுலகம். கூச்சப்பட்டுக்கொண்டு யாரையும் கூப்பிடாமல் உள்ளேயே கிடந்து, பேச்சே குறைந்துவிட்டது. அன்றைக்குப் படம் பார்க்க அவனைத் தூக்கிக்கொண்டு வந்திருந்தார்கள். வீடு திரும்பியதும், "அங்க வாசப்படி இல்ல, பாத்தியா? நானே ரோட்டுக்குப் போயிரலாம்" என்றான். அவன் குரலில் அப்படி ஒரு ஆசையை அவள் கேட்டு வெகுகாலம் ஆகிவிட்டது. அந்த வீடுதான் வேண்டும் என்று ஷவ்கியா அன்றே முடிவுகட்டிவிட்டாள். யாரிடமும் மூச்சுவிடவில்லை. கேட்டவர்களிடம், "கீழ் வீடா? எலி வரும்" என்றாள்.

தரைத்தள வீடுகள் கொஞ்சம்தான். அதிகாரி வெள்ளிக்கிழமை மதியத் தொழுகைக்குப் பிறகு காப்பிக்கடைக்கு வருவதாக ஏற்பாடு. யார் முதலில் வாய்விட்டுக் கேட்கிறார்களோ அவர்களுக்கு. விட்டுவிட்டால் மூன்றாவது மாடி, நாலாவது மாடி. அல்லது அடுத்த கட்டடங்கள் எழும்பும்வரை இந்தக் கல்படியிலேயே காத்திருக்க வேண்டும். எழும்புமா என்பது ஆண்டவனுக்கே வெளிச்சம்.

வியாழக்கிழமை மாலை வெயில் சாயும் நேரத்தில் கமாலாத் மரப்பாலத்தைக் கடந்து ஷவ்கியா வீட்டுக்கு வந்தாள். ஒட்டுப்போட்ட அங்கி போட்டிருந்தாள். 'ஏழைத் தாய் வந்துட்டா' என்று ஷவ்கியாவின் மனசு உடனே சொன்னது. உண்மையில் அன்று அவள் துணி துவைத்த நாள், மற்றது எல்லாம் கொடியில் கிடந்தது. வாசலில் நின்று ஒரு கண்ணைச் சுருக்கினாள். முக்காலியை மேற்கு ஜன்னலுக்குப் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தாள். இடது கன்னம் மஞ்சளாக ஒளிர்ந்தது. மூலையில் பாயில் இருந்த மித்வல்லி தலையசைத்தான். ஷவ்கியா மீன் செதில் சீவுவதை நிறுத்தவில்லை.

"உம்மு ஃபத்ஹீ, நாளைக்கு எந்த வீட்டக் கேக்கப்போறே?"

"எந்த வீட்டக் கேட்டா உனக்கென்ன? வாடகை நீயா கட்டப்போறே?"

"நாலாவது கட்டடம் கீழ் வீட்ட மட்டும் கேக்காத."

கத்தி நின்றது. தன் ரகசியம் இவளுக்கு எப்படித் தெரிந்தது என்று ஷவ்கியாவுக்குத் திக்கென்றது. முகத்தில் காட்டிக்கொள்ளாமல், "ஏனாம்?" என்றாள்.

"அந்த வீடு ஏன் வேணாம்னு கேட்டா, அங்க தண்ணி ஏறுது. சாக்கடைத் தண்ணி. குளிக்கிற ரூம் ஓட்டை வழியா மேல வருது. நான் என் கண்ணால பாத்தேன்." சரியாக "கண்ணால" என்ற இடத்தில் இடது கண்ணில் ஒரு துளி திரண்டு கன்னத்தில் இறங்கியது. ஜன்னல் வெயிலில் அது மின்னியது.

மத்திக் கொட்டகையில் பார்த்த அதே துளி. ஷவ்கியாவுக்கு எல்லாம் பளிச்சென்று விளங்கிவிட்டது. படத்தில் ஊருக்குப் புகழ்ந்தாள், வீட்டுக்குள் வந்து மட்டம் தட்டுகிறாள். அப்படியானால் அந்த வீடு தங்கம். அதை இவளே எடுத்துக்கொள்ளப் பார்க்கிறாள்.

"படத்துல ராவும் பகலும் தண்ணி வருதுன்னியே?"

"வருதுன்னுதானே சொன்னேன். எங்கேர்ந்து வருதுன்னு சொல்லலையே."

மூலையில் மித்வல்லி சிரித்துவிட்டான். ஷவ்கியா சிரிக்கவில்லை. கத்தியால் அவளைச் சுட்டிக்காட்டி, "இன்னொரு தடவை சொல்லு" என்றாள்.

கமாலாத் அவளை ஏறிட்டுப் பார்த்தாள். அந்த வார்த்தையைக் கேட்டதும் அவளையும் அறியாமல் முதுகு நிமிர்ந்தது, தாடை லேசாக உயர்ந்தது. சொன்னாள். இந்தத் தடவை கையை நெஞ்சில் வைத்துக்கொண்டாள். "நம்மள மாதிரி இல்லாதப்பட்டவங்க" என்று ஒன்றைச் சேர்த்துக்கொண்டாள். "கண்ணால" வந்தது, துளியும் வந்தது. முதல் தடவையைவிட நன்றாக இருந்தது.

ஷவ்கியா கத்தியைக் கீழே வைத்தாள். செதில் ஒட்டிய கைகளை மெதுவாக, ஒன்றோடு ஒன்று தட்டினாள்.

"ரொம்ப நல்லா வந்துச்சுடி. ரம்ஸி சார் இருந்திருந்தா, 'போதும்மா, எடுத்தாச்சு'ன்னிருப்பாரு."

கமாலாத் முக்காட்டு நுனியால் கன்னத்தை அழுத்தித் துடைத்தாள். துடைத்த இடம் சிவந்துபோனது.

"நான் எப்படிச் சொன்னா நீ நம்புவே, உம்மு ஃபத்ஹீ? எனக்கு வேற மாதிரி சொல்ல வரல. வாயத் தொறந்தாலே இப்படித்தான் வருது. நான் என்ன பண்ண?"

"வாய மூடிக்கிட்டுப் போ. அந்த வீடு யாருக்கு? உனக்கா, ரஷீது ஊர்ல இருக்காளே உன் தங்கச்சி, அவளுக்கா?"

"நான் இங்க வந்து சொன்னது தெரிஞ்சா ரம்ஸி இனிமே என்னக் கூப்பிடமாட்டான். ஒருத்தனும் கூப்பிடமாட்டான்."

"இதுவும் வசனமா?"

"ஷவ்கியா, போதும் நிறுத்து" என்றான் மித்வல்லி.

கமாலாத் எழுந்தாள். போகட்டும் என்று ஷவ்கியா கத்தியை மறுபடி கையில் எடுத்தாள். ஆனால் கமாலாத் வாசல் பக்கம் போகவில்லை. ஜன்னலுக்குப் போய் இரண்டு மரக்கதவுகளையும் இழுத்துச் சாத்திக் கொக்கியைப் போட்டாள். பிறகு வாசல் கதவையும் சாத்தினாள். அறை இருண்டது. மீன் வாடையும் மித்வல்லியின் மூச்சும் மட்டும் மிச்சம்.

"என்னடி பண்றே?" ஷவ்கியாவின் குரலில் பயம் தட்டியது.

"கேளு. இப்பக் கேளு."

குரல் கீழே, தரையிலிருந்து வந்தது. அவள் முக்காலிக்குத் திரும்பவில்லை. தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள் போலிருக்கிறது. என்ன கேட்பதென்று ஷவ்கியாவுக்குத் தெரியவில்லை. கடைசியில் மித்வல்லிதான் கேட்டான்.

"தண்ணி வருதா, தங்கச்சி?"

"வருது."

அவ்வளவுதான். கேள்வி இல்லாத பதில். கமாலாத்தின் வாயிலிருந்து ஒற்றைச் சொல்லாக ஒரு பதில் வந்து ஷவ்கியா கேட்டதே இல்லை. இருட்டில் அவள் காது தானாகக் கூர்மையானது.

"எவ்வளவு?" என்றாள்.

"அன்னிக்குக் கால்விரல் முழுகுற அளவு. சுவத்துல கணுக்கால் வரைக்கும் கறை."

"படத்துல தரை காஞ்சுல்ல இருந்துச்சு?"

"தொடச்சோம். தொடைக்கத் தொடைக்க வந்துச்சு. அப்புறம் கம்பளத்த விரிச்சோம்."

"நாத்தம்?"

"படத்துல நாத்தம் தெரியாது."

"கம்பளத்த யாரு விரிச்சா?"

வெளியே ஒரு படகு இயந்திரம் இருமிக்கொண்டே போய் மறைந்தது.

"நான்."

"ஏண்டி?"

"அடுத்த படம் இருக்குன்னான்."

இதில் நெஞ்சில் கைவைத்துச் சொல்ல ஒன்றும் இல்லை. எந்தப் படத்திலும் எந்தத் தாயும் சொல்லாத வசனம். ஆனாலும் பழகிய சந்தேகம் அவ்வளவு லேசில் விடுமா? இருட்டில் உட்கார்ந்து பேசுவதும் ஒரு வித்தையாக இருந்தால் என்ன செய்வது என்று ஷவ்கியாவின் மனசு ஓடியது. அந்தப் படியில்லாத வாசலை அவளால் விட முடியவில்லை. மித்வல்லி தானாக ரோட்டுக்கு நகர்ந்து போவதை அவள் எத்தனை தடவை மனதுக்குள் ஓட்டிப் பார்த்திருக்கிறாள்!

"பொய்யப் பரப்பினவ இன்னிக்கு மட்டும் ஏன் வந்து சொல்றே? ஊர்ல இத்தன பேர் இருக்காங்க, அவங்ககிட்டப் போய்ச் சொல்லேன். எங்கிட்ட ஏன்?"

"மத்தவங்க அங்க நடந்து போவாங்க" என்றாள் கமாலாத். "அண்ணன் கைய ஊனியில்ல போவாரு."

மித்வல்லியின் ரப்பர் தரையில் ஒருமுறை உரசி நின்றது. அப்போதும் ஷவ்கியா ஷவ்கியாவாகத்தான் இருந்தாள்.

"அழறியா?" என்று கேட்டாள்.

அங்கி சரசரத்தது. இருட்டில் ஒரு கை துழாவிக்கொண்டு வந்து ஷவ்கியாவின் முழங்கையைப் பிடித்தது, மணிக்கட்டுக்கு இறங்கியது. செதில் ஒட்டிய அந்தக் கையை இழுத்துத் தன் இடது கன்னத்தில் வைத்து அழுத்திக்கொண்டாள் கமாலாத். கன்னம் காய்ந்திருந்தது.